சூரியனில் சிக்கிய வாயு!

கல்ச்சுரல்ஸுக்கு ஹீலியம் பலூன் ஆர்டர் பண்ணப் போறீங்களா? ஒரு நிமிஷம் பாஸ்!

இந்த ஹீலியம் முதல்ல சிக்கினது பூமியில இல்லை, சூரியன்ல! 1868 ஆகஸ்ட் 18, முழு சூரிய கிரகணம். குண்டூரில் பிரெஞ்சு விஞ்ஞானி ழான்சென், மசூலிப்பட்டினத்தில் மெட்ராஸ் வான் ஆய்வகத்தின் தலைவர் போக்சன் என ஆளாளுக்கு நிறமாலைமானியோடு காத்திருந்தார்கள். சூரியனின் விளிம்பில் பளிச்சென்று ஒரு மஞ்சள் கோடு. சோடியமா? ம்ஹூம், அலைநீளம் ஒத்துவரலை. அது புதுத் தனிமம் என்ற முடிவுக்கு வந்தார் இங்கிலாந்தின் லாக்யர். கிரேக்கத்தில் சூரியனுக்கு 'ஹீலியோஸ்' என்று பெயர். அதுதான் ஹீலியம் ஆச்சு. பூமியில் அதைப் பிரித்தெடுக்க மேலும் 27 வருஷம். 1895-ல் யுரேனியத் தாதுவிலிருந்து எடுத்தார் ராம்சே.

மைனஸ் 269 டிகிரியில்தான் ஹீலியம் திரவமாகும். அந்தக் குளிரில்தான் பெரும்பாலான எம்.ஆர்.ஐ. ஸ்கேனர்களின் ராட்சதக் காந்தம் மின்தடையே இல்லாம வேலை செய்யுது.

சரி, தீர்ந்தா தயாரிச்சுக்கலாமே? அங்கதான் சிக்கல். பூமிக்கடியில் யுரேனியமும் தோரியமும் சிதைந்து, கோடிக்கணக்கான வருஷமா இயற்கை எரிவாயுவோடு சேர்ந்த சேமிப்பு இது. எந்த வேதிவினையிலும் உருவாக்க முடியாது. காற்றில் விட்டால் மேலே மேலே போய், கடைசியில் விண்வெளிக்கே எஸ்கேப்!

அதனால பலூனை வாயால ஊதிக் கட்டுங்க. மிச்சம் பிடிக்கிறேன்னு ஹைட்ரஜன் பக்கம் போயிடாதீங்க, அது தீப்பிடிக்கும். நம்ம பலூன் பறக்காட்டி பரவாயில்லை, யாருக்கோ ஸ்கேன் நடக்கணும்!