மணல் எடுப்பதும் படம் எடுப்பதும்

பிறர் முகம் – 7

துப்பாக்கியால் வேட்டையாடிப் பழகிவிட்ட இனூயிட் மக்களை, 1922-இல் வெளிவந்த தமது படத்துக்காக மறுபடியும் ஈட்டி ஏந்தச் செய்த ராபர்ட் பிளாஹர்ட்டியின் கதையைச் சென்ற வாரம் கண்டோம். பிறரை அவர்கள் இருக்கும் கோலத்தில் அல்லாமல், தாம் காண விரும்பும் கோலத்தில் காட்டிவிடும் அந்தச் சபலம் பனிநாட்டுக்கு மாத்திரம் உரியதன்று. நம் நாஞ்சில் நாட்டுக் கடற்கரைக்குக் காமிராவைத் தூக்கி வருகிற எவரோடும் அதுவும் கூடவே வந்து நிற்கும்.

திருவிதாங்கூரிலிருந்து ஜெர்மனிக்குப் போன தும்பில் ஒட்டியிருந்த மணலின் பிறப்பிடத்தைத் தேடிய ஷோம்பர்க் என்னும் ரசாயன நிபுணர், 1909-இல் மணவாளக்குறிச்சிக் கரையில் மோனசைட் என்னும் கனிமம் கிடப்பதை அறிந்தார். அதிலுள்ள, கதிர்வீசும் தோரியம் அந்நாளைய ஐரோப்பிய நகரங்களின் வாயு விளக்கு மேண்டில்களுக்கு ஒளி தந்தது. கரையில் வாழ்ந்தவர்களுக்கோ அது வெறும் கருமணல். இன்று, முன்பு இந்தியன் ரேர் எர்த்ஸ் எனப்பட்ட மத்திய அரசு நிறுவனத்தின் ஆலை அம்மணலை இல்மனைட், ரூட்டைல், சிர்கான், மோனசைட் என்று பிரித்தெடுக்கிறது.

மதுரை ஆர்.பி. அமுதன் அவ்வூரைக் குறித்து 2010-இல் அளித்த ஆவணப்படம், 'கதிர்வீச்சுக் கதைகள்' வரிசையின் முதற்பாகம். மலம் அள்ளும் பெண்ணொருத்தியின் அன்றாட வேலையை 2003-இல் 'பீ' என்ற படத்தில் காட்டியவர் அவர். அங்கே காட்டுவதற்குத் தெருவும் துடைப்பமும் இருந்தன. இங்கோ காட்டவேண்டிய வஸ்துவாகிய கதிர்வீச்சு காமிராவின் கண்ணுக்கே அகப்படாதது. அகப்படாததைக் காட்டப் புகும் கலைஞனுக்கு, நோயுற்ற தேகத்தைச் சாட்சிப் பொருளாக்கி, பார்ப்போர் நெஞ்சைப் பதறவைப்பது சுலபமான மார்க்கம்; அபாயமானதும் அதுவே.

சங்கடம் இன்னொன்றும் உண்டு. இதே மோனசைட் மணல் பரந்த கொல்லம் மாவட்டத்துக் கருநாகப்பள்ளியில் சுமார் 70,000 பேரை ஆராய்ந்து 2009-இல் வெளியான ஆய்வு, இயற்கைக் கதிர்வீச்சின் மிகுதியால் புற்றுநோய் அதிகரித்ததற்குச் சான்று காணவில்லை. தம் வீட்டிலும் அண்டை வீட்டிலும் நோய் கண்டவர்களை விரல்விட்டு எண்ணும் ஒருவரது துக்கம் அந்தக் கணக்கினால் பொய்யாகிவிடாது. அவரது துக்கத்தினால் அந்தக் கணக்கும் பொய்யாகிவிடாது. இவ்விரண்டுக்கும் நடுவில் நின்று, 'உண்மைகள்' என்று முழங்காமல் 'கதைகள்' என்று அமுதன் பெயரிட்டது வெறும் அடக்கமன்று. சொல்பவர் இன்னார், கேட்பவர் இன்னார் என்று எல்லையை நேர்மையாக வகுத்துக்கொள்ளும் தர்மம் அது. பிறரைப் பற்றிப் பேசுவதற்குப் பதில் அவர்களுக்கு அருகிலிருந்து பேச விரும்புவதாக, செனகலில் எடுத்த 'ரீஅசெம்பிளேஜ்' படத்தில் (1982) வியட்நாமில் பிறந்த டிரின் மின்-ஹா சொன்னதன் சாரமும் இதுவே.

மணலையும் எடுக்கிறோம், படத்தையும் எடுக்கிறோம். நம் மொழி இரண்டுக்கும் ஒரே வினையை வைத்திருக்கிறது. தும்போடு போன மணல் கரைக்குத் திரும்பி வரவில்லை. எடுத்த படத்தையேனும் அதற்குரியவர்களிடம் கொண்டுபோய்க் காட்டி, அவர்கள் ஆட்சேபத்தையும் அப்படத்திலேயே சேர்க்கலாமா என்று, 1960-ஆம் ஆண்டுக் கோடையில் பாரிஸ் நகரத்து மனிதர்களைப் படமெடுத்த ழான் ரூஷ் செய்து பார்த்த பரிசோதனையை அடுத்த வாரம் காண்போம்.

(தொடரும்)