'ரவிடாஸ்விர்': ஆள் பெயர் இல்லை, மருந்தின் பெயர்! அந்த 'விர்' நமக்கு என்ன சொல்கிறது?

குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு படம் வருகிறது. அப்பா மருத்துவமனையிலிருந்து வாங்கி வந்த மருந்துப் பையின் படம். கூடவே ஒரு குரல் பதிவு: "ஐயா, இது என்ன மருந்துன்னு கொஞ்சம் பாருப்பா. டாக்டர் ஏதோ கல்லீரலுக்குன்னு சொன்னாரு."

படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தால், பையில் 'ரவிடாஸ்விர்' என்று இருக்கிறது. அதன் கீழே 'சோஃபோஸ்புவிர்'. முதல் பெயரைப் படித்ததும் "யாருப்பா இந்த ரவிதாஸ் வீர்?" என்று குழுவில் யாராவது ஒருவர் கண்டிப்பாகக் கேட்பார்.

சிரிப்பு இருக்கட்டும். இந்தப் பெயரைப் பிரித்துப் படிக்கத் தெரிந்தால், அது எந்த வகை மருந்து, எந்தக் கிருமிக்கு, கிருமியின் எந்தப் பாகத்தைத் தாக்குகிறது என்பதைக் கூகுள் செய்யாமலேயே சொல்லிவிடலாம். அதோடு, இந்த மருந்துக்கும் மலேசியாவுக்கும், ஏன் பினாங்குக்கும்கூட, ஒரு தொடர்பு இருக்கிறது.

ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதலில், மருந்துக்கு எத்தனை பெயர்?

தலைவலி வந்தால் நாம் கடையில் "பெனடோல் இருக்கா?" என்றுதான் கேட்போம். பெனடோல் என்பது ஒரு நிறுவனத்தின் வணிகப் பெயர். உள்ளே இருக்கும் மருந்தின் பெயர் பாராசிட்டமோல். வேறு நிறுவனம் அதே மருந்தை வேறு பெயரில் விற்கலாம். ஆனால் பாராசிட்டமோல் என்ற பெயர் எவருக்கும் சொந்தமில்லை.

இப்படி எவருக்கும் சொந்தமில்லாத பொதுப் பெயரைத் தேர்வு செய்து அறிவிப்பது உலக சுகாதார நிறுவனம். இந்த முறைக்கான தீர்மானம் 1950-இல் நிறைவேறியது. முதல் பட்டியல் 1953-இல் வெளிவந்தது. இன்று லத்தீன், ஆங்கிலம், பிரெஞ்சு, ஸ்பானிஷ், அரபு, சீனம், ரஷ்யன் ஆகிய மொழிகளில் இந்தப் பெயர்கள் வெளியாகின்றன. லத்தீனில் கடைசியில் ஓர் 'உம்' சேரும். அதாவது, 'ரவிடாஸ்விரும்'.

தமிழ் அந்தப் பட்டியலில் இல்லை. அதனால் நாம் ஒலியை வைத்துத்தான் எழுதுகிறோம். ஒருவர் 'ரவிதாஸ்விர்' என்பார், இன்னொருவர் 'ரவிடஸ்வீர்' என்பார். பேசும்போது பரவாயில்லை. மருந்தைத் தேடும்போதும், மருத்துவரிடம் காட்டும்போதும் பையில் அச்சாகியிருக்கும் எழுத்தை அப்படியே காட்டுவதுதான் பாதுகாப்பு.

வாலைப் பார்த்தால் வம்சம் தெரியும்

இந்தப் பெயர்களில் முக்கியமானது தலை இல்லை, வால். மருந்தின் குடும்பத்தைச் சொல்வது பெரும்பாலும் கடைசி அசைகள்தான். நம்ம ஊரில் பெயருக்கு முன்னால் தகப்பன் பெயரின் முதலெழுத்தைப் போடுகிறோம். மருந்துகளுக்கு அந்த அடையாளம் பின்னால் வருகிறது, அவ்வளவுதான்.

'விர்' என்று முடிந்தால், அது வைரஸை எதிர்க்கும் மருந்து. 'வீரன்', 'வீர்' எல்லாம் கிடையாது. வைரஸ் என்ற சொல்லிலிருந்து வந்தது.

வைரஸ் என்ற லத்தீன் சொல்லுக்கு மூலப் பொருள் நஞ்சு. சமஸ்கிருதத்திலிருந்து நமக்கு வந்த 'விஷம்' என்ற சொல்லும் இந்த 'வைரஸ்' என்ற சொல்லும் ஒரே பழைய வேரிலிருந்து பிரிந்தவை என்பது மொழியியலாளர்களின் கணிப்பு. தமிழில் வைரஸை 'நச்சுயிரி' என்று எழுதுபவர்கள், தெரிந்தோ தெரியாமலோ சரியான இடத்தைத்தான் தொட்டிருக்கிறார்கள்.

'விர்' குடும்பம் பெரியது. அதற்குள் பல கிளைகள்:

• 'சிக்ளோவிர்': அசிக்ளோவிர் போன்றவை. அக்கி, உதட்டில் வரும் ஹெர்பிஸ் கொப்புளம் போன்றவற்றுக்கு.
• 'அமிவிர்': ஒசெல்டமிவிர் போன்றவை. இன்ஃப்ளுவென்சா காய்ச்சலுக்கு.
• 'நவிர்', 'டெக்ரவிர்': ரிட்டோனவிர், டொலுடெக்ரவிர் போன்றவை. எச்.ஐ.வி. சிகிச்சையில் வரும் பெயர்கள்.
• 'ட்ரெல்விர்': நிர்மட்ரெல்விர். கோவிட் காலத்தில் ரிட்டோனவிருடன் சேர்த்துக் கொடுக்கப்பட்ட மாத்திரை.
• 'ப்ரெவிர்', 'அஸ்விர்', 'புவிர்': இந்த மூன்றும் ஹெபடைடிஸ் சி கிருமிக்கு.

இப்போது ரவிடாஸ்விரைப் பிரித்துப் பாருங்கள். ரவிட் + அஸ்விர். வெட்டு விழ வேண்டிய இடம் 'தாஸ்' அல்ல, 'அஸ்விர்'. முன்னால் உள்ள 'ரவிட்' வேறு மருந்துகளோடு குழம்பாமல் இருக்க வைத்த ஒலி மட்டுமே. அதற்கும் சூரியனுக்கும் சம்பந்தமில்லை.

டக்ளடாஸ்விர், லெடிபாஸ்விர், வெல்படாஸ்விர் ஆகியவை இதன் பங்காளிகள். சோஃபோஸ்புவிர் வேறு கிளை. அதன் முன்பாதி, அந்த மருந்தை உருவாக்கிய வேதியியலாளர் மைக்கல் சோஃபியாவின் பெயரிலிருந்து வந்தது என்று பரவலாகச் சொல்லப்படுகிறது.

இந்த வால்களை நிறுவனங்கள் தங்கள் வணிகப் பெயரில் பயன்படுத்தக்கூடாது என்று 1993-இல் உலக சுகாதார மாநாடு கேட்டுக்கொண்டது. காரணம், குடும்பப் பெயர் பொதுவில் இருக்க வேண்டும்.

போட்டோஸ்டேட் கடையில் மூன்று வேலை

சரி, ஹெபடைடிஸ் சி-க்கு மட்டும் எதற்கு மூன்று கிளை?

கல்லீரல் செல்லுக்குள் நுழைந்த ஹெபடைடிஸ் சி கிருமி செய்வது ஒரே வேலை: தன்னையே நகல் எடுப்பது. அதை ஒரு போட்டோஸ்டேட் கடையாக நினைத்துக்கொள்வோம்.

கடையில் நகல் எடுக்கும் இயந்திரம் ஒன்று இருக்கும். கிருமியிடம் அந்த வேலையைச் செய்யும் புரதத்தின் பெயர் என்.எஸ்.5பி. 'புவிர்' மருந்துகள் அடிப்பது இதைத்தான். சோஃபோஸ்புவிர் உடலுக்குள் போய், உண்மையான எழுத்து போலவே நடிக்கும் ஒரு போலி எழுத்தாக மாறுகிறது. இயந்திரம் அதை நம்பி நகலில் சேர்த்ததும், அதற்கு மேல் நகல் நீளாது. அங்கேயே நின்றுவிடும்.

தாள் வெட்டும் கத்தி ஒன்று இருக்கும். கிருமியின் புரதங்கள் ஒரே நீளச் சங்கிலியாக உருவாகி, பிறகு துண்டு துண்டாக வெட்டப்பட வேண்டும். அந்தக் கத்தியைப் பிடித்துக்கொள்வது 'ப்ரெவிர்'.

எல்லாவற்றையும் அடுக்கி, ஒழுங்குபடுத்தி, கட்டித் தருபவர் ஒருவர் இருப்பார். என்.எஸ்.5ஏ என்ற புரதம் கிட்டத்தட்ட அவர் மாதிரி. அதற்கென்று இயந்திர வேலை எதுவும் கிடையாது. ஆனால் அது இல்லாமல் நகலும் நடக்காது, புதிய கிருமியைக் கட்டவும் முடியாது. 'அஸ்விர்' மருந்துகள் அவரைத்தான் நிறுத்துகின்றன.

ஒரு மருந்தை மட்டும் கொடுத்தால் கிருமி உருமாறித் தப்பிக்கப் பார்க்கும். இயந்திரத்தையும் கட்டுபவரையும் சேர்த்து நிறுத்தினால் தப்பிப்பது கஷ்டம். அதனால்தான் அப்பாவின் பையில் இரண்டு பெயர்கள். ரவிடாஸ்விர் 200 மில்லிகிராம், சோஃபோஸ்புவிர் 400 மில்லிகிராம், தினமும் ஒரு வேளை.

ஆயிரம் டாலர் மாத்திரை

இந்தக் கிருமி அடையாளம் காணப்பட்டது 1989-இல். அந்தக் கண்டுபிடிப்புக்காக 2020-இல் மூவருக்கு மருத்துவ நோபல் பரிசு கிடைத்தது. இன்றுவரை தடுப்பூசி இல்லை. முன்பு ஊசி வழியாக இன்டர்ஃபெரோன் கொடுத்தார்கள். மாதக்கணக்கில் காய்ச்சல், சோர்வு, மனச்சோர்வு என்று பக்கவிளைவுகள். அதையெல்லாம் தாங்கியும் பலருக்கு குணமாகவில்லை.

2013 டிசம்பரில் அமெரிக்காவில் சோஃபோஸ்புவிர் வந்தபோது நிலைமை மாறியது. ஆனால் விலை? 12 வாரத்துக்கு 84,000 டாலர். ஒரு மாத்திரை 1,000 டாலர்.

மருந்தின் உரிமையாளரான கிலியட் நிறுவனம், மலிவு விலையில் அதைத் தயாரித்து ஏழை நாடுகளில் விற்க இந்திய நிறுவனங்களுக்கு 2014-இல் அனுமதி கொடுத்தது. மலேசியா நடுத்தர வருமான நாடு என்பதால் அந்தப் பட்டியலில் இல்லை. ஏழையும் இல்லை, 1,000 டாலர் கொடுக்கும் அளவுக்குப் பணக்காரரும் இல்லை. இடையில் மாட்டிக்கொண்டோம். அப்போது இந்த நாட்டில் கிருமி தொற்றியவர்கள் 4 முதல் 5 லட்சம் பேர் வரை இருக்கலாம் என்று மதிப்பிடப்பட்டது.

பினாங்கு இங்கே எப்படி வருகிறது?

ஜோர்ஜ்டவுன் ஜாலான் மெக்கலிஸ்டரில் தேர்ட் வேர்ல்டு நெட்வொர்க் என்ற அமைப்பின் அலுவலகம் இருக்கிறது. பினாங்கு பயனீட்டாளர் சங்கம் 1984-இல் நடத்திய ஓர் அனைத்துலக மாநாட்டின் முடிவில் பிறந்த அமைப்பு அது. அந்தச் சங்கத்தைப் பல்லாண்டுகள் வழிநடத்தியவர், தமிழ்நாட்டில் பிறந்து பினாங்கையே தன் ஊராக்கிக்கொண்ட எஸ்.எம். முகமது இத்ரிஸ். 2019-இல் காலமானார்.

காப்புரிமைச் சட்டம் மக்களின் மருந்தைத் தடுக்கக்கூடாது என்று பல ஆண்டுகளாக வாதாடி வரும் குழுக்களில் தேர்ட் வேர்ல்டு நெட்வொர்க்கும் ஒன்று. நோயாளிகள் சங்கங்களும் மற்ற அமைப்புகளும் சேர்ந்து சுட்டிக்காட்டியது ஒரே இடத்தை: 1983-ஆம் ஆண்டு காப்புரிமைச் சட்டம், பிரிவு 84. அவசியம் ஏற்பட்டால், காப்புரிமையாளரின் சம்மதம் இல்லாமலேயே அந்தப் பொருளைப் பயன்படுத்த அரசாங்கம் அனுமதிக்கலாம் என்கிறது அந்தப் பிரிவு. இலவசமாக இல்லை, உரிய ஈட்டுத்தொகை கொடுக்க வேண்டும்.

மலேசியா இதை 2003-இல் எச்.ஐ.வி. மருந்துகளுக்கு ஏற்கெனவே பயன்படுத்தியிருந்தது. 2017 செப்டம்பரில் சோஃபோஸ்புவிருக்கும் பயன்படுத்துவதாக அப்போதைய சுகாதார அமைச்சர் டத்தோ ஸ்ரீ டாக்டர் எஸ். சுப்ரமணியம் அறிவித்தார். அதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான் கிலியட் மலேசியாவையும் தன் அனுமதிப் பட்டியலில் சேர்ப்பதாகச் சொல்லியிருந்தது. அரசாங்கம் பின்வாங்கவில்லை. 2018-இல் அரசு மருத்துவமனைகளில் நோயாளிகளுக்கு இலவசமாகச் சிகிச்சை தொடங்கியது.

கவனியுங்கள், அந்த உத்தரவு வணிகப் பெயரைத் தேடிப் போகவில்லை. 'சோஃபோஸ்புவிர் 400 மில்லிகிராம் மாத்திரை' என்று பொதுப் பெயரில்தான் பேசியது. எவருக்கும் சொந்தமில்லாத ஒரு பெயர் இருந்ததால்தான், வேறொரு நாட்டில் தயாரான அதே மருந்தை அதே பெயரால் கேட்டு வாங்க முடிந்தது.

சரி, ரவிடாஸ்விர்?

அமெரிக்காவின் பிரசிடியோ என்ற சிறு நிறுவனம் உருவாக்கிய மருந்து இது. அப்போது அதற்குப் பெயர்கூட இல்லை, பி.பி.ஐ-668 என்ற எண்தான். பெரிய நிறுவனங்கள் தங்கள் 'அஸ்விர்'களோடு சந்தையைப் பிடித்துக்கொண்டன. இது ஓரமாகக் கிடந்தது.

ஜெனீவாவைத் தலைமையகமாகக் கொண்ட டிஎன்டிஐ என்ற லாப நோக்கமற்ற அமைப்பு 2016-இல் இதைக் கையில் எடுத்தது. மலேசிய, தாய்லாந்து சுகாதார அமைச்சுகளும், எகிப்தின் ஃபார்கோ நிறுவனமும் சேர்ந்தன. பிறகு நம் நாட்டின் பார்மநியாகாவும் கூட்டு சேர்ந்தது. மலேசிய, தாய்லாந்து மருத்துவமனைகளில் 301 நோயாளிகளிடம் இரண்டு மருந்துகளையும் சேர்த்துக் கொடுத்துப் பார்த்தார்கள். கல்லீரல் சுருங்காதவர்களுக்கு 12 வாரம், சுருங்கத் தொடங்கியவர்களுக்கு 24 வாரம்.

2018 ஏப்ரலில் முடிவு வெளியானது: 97 விழுக்காட்டினர் குணமாகியிருந்தார்கள். சிகிச்சை முடிந்து 12 வாரம் கழித்தும் ரத்தத்தில் கிருமி தெரியவில்லை என்பதுதான் இங்கே 'குணம்' என்பதற்கு அர்த்தம்.

2021 ஜூனில் மலேசியா ரவிடாஸ்விருக்கு ஒப்புதல் வழங்கியது. 2023-இல் உலக சுகாதார நிறுவனத்தின் அத்தியாவசிய மருந்துப் பட்டியலிலும் அது இடம்பிடித்தது. நம் பொது மருத்துவமனைகளில் சோதித்த மருந்து இன்று உலகப் பட்டியலில் இருக்கிறது.

பெயர் தெரிந்தவர்கள் கவனிக்க வேண்டியது

'விர்' என்று முடிவதால் எல்லாம் ஒன்றுக்கொன்று மாற்று ஆகிவிடாது. ஃப்ளூவுக்கான ஒசெல்டமிவிர் ஹெபடைடிஸ் சி-க்கு வேலை செய்யாது. வீட்டில் மிச்சமிருக்கும் எந்த 'விர்' மாத்திரையையும் "இதுவும் வைரஸுக்குத்தானே" என்று எடுத்துப் போடாதீர்கள்.

இதயத் துடிப்புக்கு அமியோடரோன் சாப்பிடுபவர்கள் சோஃபோஸ்புவிர் எடுத்தால் துடிப்பு ஆபத்தான அளவுக்குக் குறையலாம் என்று 2015-இலேயே எச்சரிக்கப்பட்டது. காசநோய்க்கான ரிஃபாம்பிசினும் ஒத்துப்போகாது. ஜாமு, நாட்டு மருந்து, ஆன்லைனில் வாங்கிய சத்து மாத்திரை எதுவானாலும் டாக்டரிடம் மறைக்கக்கூடாது. ஹெபடைடிஸ் பி முன்பு இருந்ததா என்றும் சிகிச்சைக்கு முன் பார்ப்பார்கள். ஏனென்றால் சி போகும்போது, அடங்கிக் கிடந்த பி தலைதூக்கலாம்.

இதற்கெல்லாம் முன்னால், கிருமி இருக்கிறதா என்பதே பலருக்குத் தெரியாது. பல வருடங்கள் எந்த அறிகுறியும் இல்லாமல் கல்லீரலை அரித்துக்கொண்டே இருக்கும். 1990களின் தொடக்கத்திலோ அதற்கு முன்போ ரத்தம் ஏற்றிக்கொண்டவர்கள், எப்போதாவது ஊசியைப் பகிர்ந்தவர்கள், சுத்தமில்லாத ஊசியில் பச்சை குத்திக்கொண்டவர்கள் ஒருமுறையாவது பரிசோதிப்பது நல்லது. கைகுலுக்குவதாலோ, ஒரே தட்டில் சாப்பிடுவதாலோ இது தொற்றாது. வெட்கப்பட வேண்டிய நோயும் இல்லை.

அப்பா அம்மாவிடம் பேச்சை எப்படித் தொடங்குவது என்று தயங்கினால், "அந்தக் காலத்துல ஆபரேஷன் பண்ணப்போ ரத்தம் ஏத்துனாங்களாம்மா?" என்ற ஒரு கேள்வி போதும். பதில் 'ஆமாம்' என்றால், அருகிலுள்ள கிளினிக் கெசிஹாத்தானுக்கு அழைத்துப் போய் ஹெபடைடிஸ் சி பரிசோதனை பற்றிக் கேளுங்கள். ஏற்கெனவே மருந்து சாப்பிடுபவராக இருந்தால், எல்லா மருந்துகளையும் பையோடு எடுத்துப் போங்கள்.