சணல் ஆலை வாயிலிலிருந்து உள்துறை அமைச்சகம் வரை

தொழிலாளர் இயக்கத்தில் வளர்ந்த தலைவர்கள் பலர் நாடாளுமன்றத்தில் இடம்பெற்றுள்ளனர். ஆலைவாயிலில் எழும் கோரிக்கையைச் சட்டமன்ற மொழிக்கு மாற்றுவது இவர்களது பணியாக இருந்தது. இத்தகையோருள் முதன்மையானவர் இந்திரஜித் குப்தா (1919–2001). அவரது பொதுவாழ்வு, இந்தியத் தொழிற்சங்க இயக்கத்திற்கும் மக்களாட்சி நிறுவனங்களுக்கும் இடையே உள்ள உறவை விளக்குவதாகும்.

தோற்றமும் கல்வியும்

1919 மார்ச் 18-ஆம் நாள் கல்கத்தாவில் பிறந்த குப்தா, உயர் அரசு அலுவலர்களின் குடும்பத்தைச் சேர்ந்தவர். பாட்டனார் பிஹாரிலால் குப்தா ஐ.சி.எஸ். அதிகாரி. அண்ணன் ரணஜித் குப்தாவும் ஐ.சி.எஸ். பணியில் சேர்ந்து மேற்கு வங்கத்தின் தலைமைச் செயலாளரானார். இந்திரஜித் டில்லி செயின்ட் ஸ்டீபன்ஸ் கல்லூரியிலும் பின்னர் கேம்பிரிட்ஜ் கிங்ஸ் கல்லூரியிலும் பயின்றார். இங்கிலாந்தில் ரஜனி பாமி தத்தின் கருத்துக்கள் அவரைப் பொதுவுடைமை இயக்கத்தின்பால் ஈர்த்தன. நாடு திரும்பிய அவர் அரசுப் பணியை நாடாமல், கல்கத்தாவின் தொழிலாளர் குடியிருப்புகளையே தமது பணிக்களமாகத் தேர்ந்துகொண்டார்.

சணல் தொழிலாளர் நிலை

ஹூக்ளி ஆற்றின் இரு கரைகளிலும் சணல் ஆலைகள் அமைந்திருந்தன. 1855-இல் ரிஷ்ராவில் தொடங்கிய இத்தொழில், பீகாரிலிருந்தும் கிழக்கு உத்தரப் பிரதேசத்திலிருந்தும் வந்த தொழிலாளர்களின் உழைப்பால் வளர்ந்தது. நிரந்தரத் தொழிலாளி வராத நாளில் மட்டும் வேலை பெறும் ‘பதிலி’களும் அவர்களுள் பெருந்தொகையினர். 1947-இல் ஏற்பட்ட பிரிவினை இத்தொழிலைப் பெரிதும் பாதித்தது. சணல் விளையும் நிலங்களிற் பெரும்பகுதி கிழக்கு வங்கத்திற்குச் சென்றது. ஆலைகளோ மேற்கு வங்கத்தில் நின்றன. மூலப்பொருள் தட்டுப்பாட்டின் சுமை ஆட்குறைப்பாகவும் வேலைப்பளுவாகவும் தொழிலாளர்மீது விழுந்தது.

இந்நிலையில் கோரிக்கைகளை முழக்கங்களாக மட்டும் எழுப்புதல் போதாது என்பதைக் குப்தா உணர்ந்தார். சணல் தொழிலில் மூலதனமும் உழைப்பும் பற்றி அவர் எழுதிய நூல் 1953-இல் வெளியாயிற்று. ஆலைகளின் இலாபத்தையும் தொழிலாளியின் ஊதியத்தையும் ஒருங்கே வைத்து ஆராயும் இம்முறை, பிற்காலத்தில் அவரது நாடாளுமன்ற உரைகளுக்கும் அடித்தளமாயிற்று.

ஆலையில் வேலை செய்யாத ஒருவர் சங்கத்தை நடத்தலாமா என்னும் கேள்வி எழலாம். 1926-ஆம் ஆண்டின் தொழிற்சங்கச் சட்டம், நிர்வாகிகளுள் பாதிப் பேர் வரை வெளியார் இருக்க இடமளித்தது. எழுத்தறிவு குறைந்திருந்த காலத்தில், பழிவாங்கலுக்கு அஞ்சாமல் நிர்வாகத்துடன் பேச வெளியார் தேவைப்பட்டனர் என்பதே இதன் காரணம். 2001-இல் செய்யப்பட்ட திருத்தம் இவ்வளவைக் குறைத்தது.

நாடாளுமன்றப் பணி

1960-இல் நடைபெற்ற இடைத்தேர்தலில் குப்தா மக்களவைக்கு முதன்முறையாகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1964-இல் கட்சி பிளவுபட்டபோது இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சியிலேயே நிலைத்தார். அக்கட்சி நெருக்கடி நிலையை ஆதரித்தது. 1977 தேர்தலில் அவர் தோல்வியுற்றார். இவ்வொரு இடைவெளி நீங்கலாக இறுதிவரை உறுப்பினராயிருந்து, மொத்தம் பதினொருமுறை வெற்றி பெற்றார். அவையின் மூத்த உறுப்பினர் என்ற முறையில் புதிய உறுப்பினர்களுக்குப் பதவிப் பிரமாணம் செய்துவைக்கும் தற்காலிக அவைத்தலைவர் பொறுப்பும் அவருக்குக் கிடைத்தது. சிறந்த நாடாளுமன்றவாதிக்கான விருது 1992-ஆம் ஆண்டுக்கு அவருக்கு வழங்கப்பட்டது.

1920-இல் தோன்றிய அகில இந்தியத் தொழிற்சங்கக் காங்கிரசின் பொதுச் செயலாளராக 1980 முதல் 1990 வரை பணியாற்றினார். வெவ்வேறு அரசியல் சார்புடைய சங்கங்கள் ஒன்றுகூடி 1982 ஜனவரி 19-ஆம் நாள் நடத்திய நாடு தழுவிய வேலைநிறுத்தம் இக்காலத்தின் முக்கிய நிகழ்ச்சியாகும். பின்னர் 1996 வரை கட்சியின் பொதுச் செயலாளராக விளங்கினார்.

உள்துறைப் பொறுப்பு

1996 ஜூனில் ஐக்கிய முன்னணி அரசில் அவர் உள்துறை அமைச்சரானார். இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி மத்திய அமைச்சரவையில் பங்கேற்றது அதுவே முதன்முறை. சுதந்திரத்திற்குப் பின்னும் சிறைவாசம் கண்ட ஒருவர், காவல்துறை சார்ந்த அமைச்சகத்தின் தலைமையை ஏற்றார். பதவிக்காலத்திலும் வெஸ்டர்ன் கோர்ட்டிலிருந்த தமது சிறிய குடியிருப்பை விட்டு அவர் மாளிகைக்குப் பெயரவில்லை.

ஆயினும் பதவி அவரையும் சோதித்தது. 1997 அக்டோபரில் உத்தரப் பிரதேசத்தில் குடியரசுத் தலைவர் ஆட்சியை ஏற்படுத்துமாறு அமைச்சரவை பரிந்துரைத்தது. குடியரசுத் தலைவர் கே.ஆர். நாராயணன் அதனை மறுபரிசீலனைக்குத் திருப்பியனுப்பினார், அமைச்சரவை வற்புறுத்தவில்லை. அரசியலமைப்பின் 356-ஆம் பிரிவைப் பயன்படுத்துவதிலுள்ள வரம்பினை இந்நிகழ்ச்சி புலப்படுத்தியது.

தேர்தல் செலவுக் குழு

1998-இல் தேர்தல் செலவை அரசே ஏற்பது குறித்து ஆராய அமைக்கப்பட்ட குழுவுக்கு அவர் தலைமை வகித்தார். மன்மோகன் சிங், சோமநாத் சாட்டர்ஜி போன்றோர் உறுப்பினர்களாயிருந்தனர். பணபலம் இல்லாத கட்சிகளும் சமநிலையில் போட்டியிட வேண்டுமாயின் அரசு உதவி நியாயமானதே என்று 1999-இல் குழு அறிவித்தது. உதவி பணமாக அன்றி, எரிபொருள், காகிதம், வாக்காளர் பட்டியலின் படிகள், ஒலிபரப்பு நேரம் முதலிய வடிவில் அமைதல் வேண்டும். அங்கீகாரம் பெற்ற கட்சிகளுக்கே அது கிடைக்கும். கட்சிகள் கணக்குகளை ஒப்படைத்தல் வேண்டும் என்பன அதன் பரிந்துரைகள். வாக்காளர் ஒருவருக்கு 10 ரூபாய் வீதம் மத்திய அரசு 600 கோடி ரூபாயும், மாநிலங்கள் சேர்ந்து அதற்கு இணையான தொகையும் ஆண்டுதோறும் வழங்கித் தனி நிதி ஏற்படுத்தவும் யோசனை கூறப்பட்டது.

இப்பரிந்துரைகள் முழுமையாக நடைமுறைக்கு வரவில்லை. 2018-இல் கொணரப்பட்ட தேர்தல் பத்திரத் திட்டம், நன்கொடையாளர் பெயரை மறைத்தது. 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதனை அரசியலமைப்புக்கு முரணானதெனத் தள்ளுபடி செய்தது. எனவே குழு எழுப்பிய வினா இன்றும் விடை வேண்டி நிற்கிறது.

2001 பிப்ரவரி 20-ஆம் நாள் குப்தா மறைந்தார். ஆலைத் தொழிலாளியின் வாக்கும் ஆலை உரிமையாளரின் வாக்கும் சமமதிப்புடையவை; ஆனால் தேர்தல் களத்தில் இருவரது வலிமையும் சமமாவது எவ்வாறு? தொழிற்சங்கவாதியாகத் தொடங்கிய அவரது பணி, இவ்வினாவில் நிறைவுற்றது பொருத்தமே எனலாம்.