வெட்டும் ஒட்டும் – 9: ‘உதவியாளர்’ ஸ்விலோவா

ஓடிக்கொண்டிருந்த குதிரை சட்டென்று திரையில் உறைந்து நிற்கிறது. அது இழுத்துவந்த வண்டி, வண்டியில் இருந்த பெண்கள், தெருக்கூட்டம் என எல்லாமே அசைவற்றுப் போகின்றன. சில குழந்தைகளின் முகங்கள். அடுத்த ஷாட்டில் அதே முகங்கள் ஒரு பிலிம் துண்டில் வரிசையாகத் தெரிகின்றன. ஒரு பெண் மேசைமுன் உட்கார்ந்து பிலிமைப் பார்க்கிறார், வெட்டுகிறார், ஒட்டுகிறார். ஆலை, சந்தை என்று பெயரெழுதிய சுருள்கள் தட்டுகளில் காத்திருக்கின்றன. பார்த்துக்கொண்டிருக்கும்போதே, உறைந்திருந்த ஒரு குழந்தை சிரிக்கத் தொடங்குகிறது.

ஸீகா வெர்தோவ் இயக்கிய ‘மூவி கேமராவுடன் ஒரு மனிதன்’ (1929) படத்தில் வரும் இந்தப் பெண் நடிகை அல்ல. அதே படத்தின் எடிட்டர் எலிசவெத்தா ஸ்விலோவா, வெர்தோவின் மனைவி. ஆனால் டைட்டிலில் அவருக்குக் கிடைத்த இடம் ‘படத்தொகுப்பு உதவியாளர்’. வேலையைத் திரையிலேயே காட்டிவிட்டு, பெயரை மட்டும் ஒரு படி கீழே இறக்கி வைத்திருக்கிறார்கள்!

ஸ்விலோவா 1900-ல் மாஸ்கோவில் ஒரு ரயில்வே தொழிலாளியின் வீட்டில் பிறந்தவர். சிறுமியாகவே பிலிம் லேபில் எடுபிடி வேலைக்குப் போனார்; பிறகு பாத்தே நிறுவனத்தின் மாஸ்கோ கிளையில் சேர்ந்தார். பிலிமை வெட்டி ஒட்டுவது பெண்களுக்கான கைவேலை என்று கருதப்பட்ட காலம் அது. வெர்தோவ் கொண்டுவந்த மிகச் சின்னத் துண்டுகளை மற்ற எடிட்டர்கள் கழிவென்று நினைத்துக் குப்பையில் போட்டார்களாம். அந்தத் துண்டுகளுக்கும் ஒரு கணக்கு இருக்கிறது என்று புரிந்துகொண்டு அவருக்குக் கைகொடுத்தவர் ஸ்விலோவா. வெர்தோவும் ஒளிப்பதிவாளரான அவர் தம்பி மிகயீல் காஃப்மனும் இருந்த ‘மூவர் குழு’வில் மூன்றாமவர் இவர்தான்.

‘மூவி கேமராவுடன் ஒரு மனிதன்’ 68 நிமிடப் படம். ஷாட்டுகளோ 1,700-ஐ ஒட்டி. வேகத்தைத்தான் எல்லோரும் பேசுவார்கள். எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது அடுக்கும் முறை. பதிவு அலுவலகத்தில் ஒரு ஜோடி திருமணத்துக்குக் கையெழுத்துப் போடுகிறது, இன்னொரு ஜோடி விவாகரத்துக்கு. சவ ஊர்வலம் ஒன்று நகர்கிறது, ஒரு தாய்க்குப் பிரசவம் ஆகிறது. தனித்தனியாகப் பார்த்தால் சாதாரணச் செய்திப்பட நறுக்குகள். ஒன்றுக்குள் ஒன்றை நுழைத்தபோதுதான் ஒரு நகரத்தின் வாழ்க்கை கிடைத்தது. அந்தக் குதிரை நிற்பதும் லேசுப்பட்ட காரியமல்ல. ஒரே பிரேமைத் திரும்பத் திரும்பப் பிரின்ட் எடுத்தால்தான் திரையில் அது நிற்கும். எந்தப் பிரேமில் நிறுத்துவது என்பதை ஒரு கண் தீர்மானித்தாக வேண்டும். படத்தின் கடைசி நிமிடங்களில், தெறித்தோடும் ஷாட்டுகளுக்கு நடுவே ஸ்விலோவாவின் கண்களே வந்து வந்து போகின்றன.

முப்பதுகளின் பிற்பாதியில் வெர்தோவ் ஓரங்கட்டப்பட்டார். கடைசியில் செய்திப்பட வேலைதான் மிஞ்சியது. ஸ்விலோவாவின் கை ஓயவில்லை. ஆஷ்விட்ஸ் முகாமைச் செம்படை விடுவித்தபின் போர்முனை ஒளிப்பதிவாளர்கள் அங்கே எடுத்த பிலிமை வைத்து, 1945-ல் ‘ஆஷ்விட்ஸ்’ ஆவணப்படத்தை அவர் இயக்கினார். நூரம்பர்க் விசாரணை பற்றி ரோமன் கார்மென் எடுத்த படத்திலும் அவர் பங்கு உண்டு.

1954-ல் வெர்தோவ் இறந்தார். அதன்பின் 1975-ல் தான் இறக்கும்வரை கணவரின் நாட்குறிப்பு, கட்டுரை, புகைப்படம் எல்லாவற்றையும் திரட்டிக் காப்பாற்றியவர் ஸ்விலோவா. மாஸ்கோ ஆவணக் காப்பகத்திலும் வியன்னா திரைப்பட அருங்காட்சியகத்திலும் வெர்தோவைப் பற்றி ஆராயப் போகிறவர்கள் இன்றும் புரட்டுவது பெரும்பாலும் அவர் சேர்த்துக் கொடுத்த காகிதங்களைத்தான்.

(தொடரும்)