ஒளிக்கும் எதிரொலி உண்டு

மலையடிவாரத்தில் நின்று உரக்கக் கூவினால், சிறிது நேரத்தில் நம் குரலே நமக்குத் திரும்பக் கேட்கிறது. ஒலி நொடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் செல்லும். அது மலையில் மோதி மீண்டு வரச் சற்று நேரம் வேண்டும். ஒளியும் இவ்வாறு மீண்டு வருவதுண்டு என்பதை மாணவர்கள் அறிவார்களா?

1572ஆம் ஆண்டு நவம்பர் 11ஆம் நாள் இரவு, டென்மார்க் நாட்டு வானியல் அறிஞர் டைக்கோ பிராகி வானில் புதிய விண்மீன் ஒன்றைக் கண்டார். பகலிலும் தெரியுமளவு ஒளிர்ந்த அது, 1574இல் கண்ணுக்கு மறைந்தது. அது யாதென அறிய அந்நாளில் தொலைநோக்கியும் இல்லை.

எனினும், வேறு திசையிற் சென்ற அதன் ஒளியின் ஒரு பகுதி, தொலைவிலுள்ள தூசு முகில்களில் பட்டுத் திரும்பி, நெடுவழி சுற்றிப் பூமிக்கு வந்தது. 2008ஆம் ஆண்டில் ஹவாயிலுள்ள சுபாரு தொலைநோக்கியின் வழி அறிவியலார் அதனை ஆராய்ந்தனர். ‘வெண்குள்ளன்’ எனப்படும் முதிய விண்மீன் ஒன்று வெடித்துச் சிதறியதையே டைக்கோ கண்டார் எனத் தெளிந்தனர். 436 ஆண்டுகளுக்கு முன் அவர் கண்ட காட்சி மீண்டும் வந்தது!

மீண்டு வந்த ஒளி தன் பிறந்த நாளைக் கூறாது. டைக்கோ போன்றோர் கண்டதை நாளும் இடமும் பிழையாது எழுதி வைத்தமையாலன்றோ நாம் அதனை அறிகிறோம்! மாணவமணிகளே, நீங்களும் கண்டதைக் குறித்து வையுங்கள்.