வீட்டுக் கடனின் நீண்டகாலச் செலவு

வீட்டுக் கடனின் நீண்டகாலச் செலவு என்பது, வீட்டையோ மனையையோ அடமானமாக வைத்துப் பெற்ற கடன் முழுவதும் அடையும் வரை, கடன் வாங்கியவர் அசலுக்கு மேல் செலுத்தும் மொத்தத் தொகையைக் குறிக்கும். வட்டியே இதில் பெரும்பங்கு. பத்திரச் செலவு, செயலாக்கக் கட்டணம், காப்பீடு போன்றவையும் இதில் சேரும். கடன் வாங்கும்போது பெரும்பாலானோர் வட்டி விகிதத்தையும் மாதத் தவணையையும் மட்டுமே பார்க்கின்றனர். ஆனால் மொத்தச் செலவைப் பெரிதும் தீர்மானிப்பது, கடன் எத்தனை ஆண்டுகள் நீடிக்கிறது என்பதாகும்.

பாகாயமும் தோல் தொழில் பகுதியும்

பாகாயம், வேலூர் மாநகராட்சியின் தென்பகுதியில் உள்ளது. கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் கல்லூரி வளாகம் இங்கு அமைந்துள்ளது. மருத்துவமனை, கல்லூரி, அரசு அலுவலகம் ஆகியவற்றில் மாதச் சம்பளம் பெறுவோர் வேலூரிலும் அதன் சுற்றுப்புறத்திலும் மிகுதி. இதே வட்டாரத்தில்தான் ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, மேல்விஷாரம், இராணிப்பேட்டை ஆகிய தோல் தொழில் ஊர்களும் உள்ளன. 2019-ஆம் ஆண்டு வேலூர் மாவட்டம் மூன்றாகப் பிரிக்கப்பட்டபின், ஆம்பூரும் வாணியம்பாடியும் திருப்பத்தூர் மாவட்டத்தில் உள்ளன.

தோல் பதனிடும் தொழிற்சாலைகளிலும் ஷூ கம்பெனிகளிலும் வேலை செய்வோரில் பலருக்கு வருமானம் ஏற்றுமதி ஆர்டரைச் சார்ந்தது. ஷூவின் மேல்பாகத்தை வீட்டிலிருந்தே தைத்துக் கொடுக்கும் பெண்களுக்குக் கூலி ஜோடிக் கணக்கில் கிடைக்கிறது. எனவே ஒரே தொகையை ஒரே காலத்திற்குக் கடனாக வாங்கினாலும், மாதச் சம்பளக்காரர் ஒருவருக்கும் பீஸ் ரேட் தொழிலாளி ஒருவருக்கும் அக்கடன் ஒரே விலையில் முடிவதில்லை.

அடமான வகைகள்

1882-ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றச் சட்டம் ஆறு வகை அடமானங்களைக் குறிப்பிடுகிறது. இன்றைய வங்கி வீட்டுக் கடன்களில் பரவலாக உள்ளது, மூலப்பத்திரத்தை ஒப்படைத்துப் பெறும் அடமானம் ஆகும். இதற்கான ஒப்படைப்புப் பத்திரம் தமிழ்நாட்டில் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யப்பட்டு, வில்லங்கச் சான்றில் இடம்பெறும்.

வட தமிழ்நாட்டில் போக்கியம் என்றும் தென் மாவட்டங்களில் ஒத்தி என்றும் வழங்கும் முறை வேறு வகையானது. இதில் பணம் கொடுத்தவர் வீட்டில் வாடகையின்றிக் குடியிருப்பார். கெடு முடிந்ததும் கொடுத்த பணத்தை அப்படியே திரும்பப் பெறுவார். வட்டி என்ற பெயர் இதில் இல்லாவிட்டாலும் செலவு உண்டு. வீட்டுக்காரர் இழக்கும் வாடகையே அவர் வாங்கிய பணத்திற்கான வட்டியாகும்.

தவணை கணக்கிடப்படும் முறை

பேச்சுவழக்கில் 'டியூ' எனப்படும் சமமான மாதத் தவணையில் வட்டியும் அசலும் கலந்திருக்கும். ஒவ்வொரு மாதமும் மீதமுள்ள அசலுக்கு வட்டி கணக்கிடப்படும். தவணையில் வட்டி போக மிஞ்சுவது மட்டுமே அசலைக் குறைக்கும். தொடக்கத்தில் அசல் பெரிதாக இருப்பதால் தவணையின் பெரும்பகுதி வட்டிக்கே போய்விடும்.

எடுத்துக்காட்டாக, 20 இலட்சம் ரூபாய்க் கடனுக்கு 8.5 விழுக்காடு வட்டி, 20 ஆண்டுக் காலம் எனக் கொண்டால் மாதத் தவணை 17,356 ரூபாய் ஆகும். முதல் மாதத் தவணையில் 14,167 ரூபாய் வட்டி. அசலில் குறைவது சுமார் 3,190 ரூபாய் மட்டுமே. சரியாகப் பத்து ஆண்டுகள் தவறாமல் கட்டினால், அதுவரை கட்டிய மொத்தத் தொகை 20.83 இலட்சம். அதாவது வாங்கிய கடனைவிடக் கூடுதல். எனினும் அந்த நாளில் பாக்கி நிற்கும் அசல் ஏறத்தாழ 14 இலட்சம் ரூபாய். காலத்தில் பாதி கடந்தும் கடனில் பாதி கூட அடைவதில்லை.

காலத்தின் விலை

அதே 20 இலட்சம் கடனுக்கு, அதே 8.5 விழுக்காடு வட்டியில், காலத்தை மட்டும் மாற்றினால் செலவு பின்வருமாறு அமையும்:

10 ஆண்டுகள்: தவணை 24,797 ரூபாய், மொத்த வட்டி 9.76 இலட்சம்.
15 ஆண்டுகள்: தவணை 19,695 ரூபாய், மொத்த வட்டி 15.45 இலட்சம்.
20 ஆண்டுகள்: தவணை 17,356 ரூபாய், மொத்த வட்டி 21.66 இலட்சம்.
30 ஆண்டுகள்: தவணை 15,378 ரூபாய், மொத்த வட்டி 35.36 இலட்சம்.

20 ஆண்டுகளை 30 ஆக்கினால் மாதத்திற்கு 1,978 ரூபாய் குறைகிறது. அந்தச் சலுகைக்கு 13.70 இலட்சம் ரூபாய் கூடுதல் வட்டி கட்ட நேர்கிறது. "தவணை குறைவு" என்பதும் "கடன் மலிவு" என்பதும் ஒன்றல்ல என்பதை இக்கணக்கு காட்டுகிறது.

சம்பளச் சீட்டும் வங்கிவழிச் சம்பளமும் உள்ளவர்களுக்கு வங்கிகள் குறைந்த வட்டியில் கடன் தருகின்றன. கூலியை ரொக்கமாகப் பெறுவோர் பலர் வீட்டுவசதி நிதி நிறுவனங்களை நாட வேண்டியுள்ளது. அங்கு வட்டி பொதுவாகக் கூடுதல். 20 இலட்சத்திற்கு 20 ஆண்டுகள், 12 விழுக்காடு வட்டி என வைத்தால் தவணை 22,022 ரூபாய். மொத்த வட்டி 32.85 இலட்சம். 8.5 விழுக்காட்டில் வாங்கியவரைவிட இவர் 11 இலட்சத்திற்கு மேல் கூடுதலாகச் செலுத்துகிறார்.

வட்டி உயரும்போது

இந்தியாவில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் 1 முதல், வங்கிகள் மாறும் வட்டியில் தரும் புதிய வீட்டுக் கடன்களை ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்க வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இக்கட்டாயம் இல்லை.

ரெப்போ விகிதம் 2020 மே முதல் 4 விழுக்காடாக இருந்தது. 2022 மே மாதத்தில் உயரத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.50 விழுக்காட்டை எட்டியது. ஓராண்டுக்கும் குறைவான காலத்தில் 2.5 விழுக்காட்டுப் புள்ளிகள் கூடின.

2021-இல் பல வங்கிகள் 7 விழுக்காட்டிற்குக் குறைவான வட்டியில் வீட்டுக் கடன் வழங்கின. அப்போது 6.75 விழுக்காட்டில் 20 இலட்சம் ரூபாயை 20 ஆண்டுகளுக்கு வாங்கியவரின் தவணை 15,207 ரூபாய். ஓராண்டு கட்டிய பின் அவருடைய அசல் பாக்கி சுமார் 19.51 இலட்சம். கணக்கின் எளிமைக்காக, அந்நிலையில் வட்டி ஒரேயடியாக 9.25 விழுக்காடு ஆனதாகக் கொள்வோம். அப்போது ஒரு மாத வட்டி மட்டும் 15,039 ரூபாய். பழைய தவணையையே தொடர்ந்து கட்டினால் அசலில் குறைவது 168 ரூபாய்தான். மீதமிருந்த 19 ஆண்டுகள் ஏறத்தாழ 49 ஆண்டுகளாக நீளும். 19 ஆண்டுகளிலேயே முடிக்க வேண்டுமானால் தவணையைச் சுமார் 18,200 ரூபாயாக உயர்த்த வேண்டும்.

வட்டி உயரும்போது தவணையை மாற்றாமல் காலத்தை நீட்டுவது வங்கிகளின் பரவலான வழக்கம். தவணை மாறாததால் கடன் வாங்கியவர் பலருக்கு இந்த நீட்சி தெரிவதே இல்லை. இதைக் கருத்தில் கொண்டு ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்ட் 18 அன்று ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்பதைக் கடன் வாங்கியவர் தேர்ந்தெடுக்க வாய்ப்பளிக்க வேண்டும் என்றும், காலத்தை நீட்டினாலும் மாதத் தவணை அந்த மாத வட்டிக்குக் குறையக் கூடாது என்றும் அது கூறுகிறது.

வருமானம் நிற்கும் மாதங்கள்

கொரோனா பெருந்தொற்றின்போது ரிசர்வ் வங்கி 2020 மார்ச் முதல் ஆகஸ்ட் வரை ஆறு மாதங்களுக்குத் தவணைகளைத் தள்ளிவைக்க அனுமதித்தது. தவணைதான் நின்றது, வட்டி நிற்கவில்லை. வட்டிக்கு வட்டியைப் பின்னர் மத்திய அரசு ஏற்றுக்கொண்டபோதும், சாதாரண வட்டி அசலுடன் சேர்ந்தது. 8.5 விழுக்காட்டில் 20 இலட்சம் ரூபாயை அப்போதுதான் வாங்கியிருந்த ஒருவருக்கு ஆறு மாத வட்டி 85,000 ரூபாய் அசலில் ஏறும். தவணையை மாற்றாவிட்டால், 240 தவணைகளில் முடிய வேண்டிய கடன் சுமார் 270 தவணைகளாகிவிடும். ஆறு தவணைகளைத் தள்ளிவைத்ததன் விலை, இறுதியில் கூடுதலாக முப்பது தவணைகள்.

தோல் தொழில் பகுதிக்கு இது அயலான கணக்கு அன்று. 2025 ஆகஸ்ட் மாதத்தில் இந்தியப் பொருள்கள் மீதான அமெரிக்க இறக்குமதி வரி 50 விழுக்காடாக உயர்ந்தபோது, தோல், காலணி ஏற்றுமதியும் அதில் சிக்கியது. ஆர்டர் குறையும் மாதங்களில் கூலி குறையும், தவணை குறையாது. அந்த இடைவெளியை நகை அடகு வைத்தும், சீட்டை ஏலத்தில் எடுத்தும், கைமாற்று வாங்கியும் நிரப்பும்போது, அவற்றின் வட்டியும் வீட்டின் விலையில் சேர்ந்துவிடுகிறது.

தவணை 90 நாள்களுக்கு மேல் நிலுவையில் இருந்தால் கணக்கு வாராக்கடனாக வகைப்படுத்தப்படும். அதன்பின் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் அறிவிப்புக் கொடுத்து, வீட்டைக் கையகப்படுத்தும் நடவடிக்கையை வங்கி தொடங்கலாம்.

தவணையில் தெரியாத செலவுகள்

தமிழ்நாட்டில் கிரையப் பத்திரத்திற்கு முத்திரைத் தீர்வை 7 விழுக்காடு, பதிவுக் கட்டணம் 2 விழுக்காடு. 25 இலட்சம் ரூபாய் வீட்டிற்கு இது 2.25 இலட்சம் ஆகும். இத்தொகை பொதுவாகக் கடனில் சேராது. 20 இலட்சம் கடன் கிடைத்தாலும் கையிலிருந்து 7.25 இலட்சம் வேண்டும். அதையும் கடனாகத் திரட்டினால் வீடு இரண்டு கடன்களோடு தொடங்குகிறது.

இவை தவிர, செயலாக்கக் கட்டணம், வழக்கறிஞர் கருத்துரை, சொத்து மதிப்பீடு, ஒப்படைப்புப் பத்திரப் பதிவு, கடன் முடிந்தபின் அதை நீக்கும் இரசீதுப் பத்திரப் பதிவு ஆகியவையும் உண்டு. கடன் காப்பீட்டின் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்ப்பதும் வழக்கம். 60,000 ரூபாய் பிரீமியம் இவ்வாறு 8.5 விழுக்காட்டில் 20 ஆண்டுக் கடனில் சேர்ந்தால், கட்டி முடிக்கையில் அது 1.25 இலட்சமாகிவிடும். சம்பாதிப்பவர் இறந்தால் குடும்பத்திற்கு வீடு மிஞ்ச வேண்டும் என்பதால் காப்பீடு பயனுள்ளதே. ஆனால் கடன் தரும் நிறுவனம் காட்டும் பாலிசியைத்தான் வாங்க வேண்டும் என்ற சட்டக் கட்டாயம் இல்லை.

செலவைக் குறைக்கும் வழிகள்

அசலை முன்கூட்டியே குறைப்பது முதன்மையான வழி. தனிநபர்கள் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என ரிசர்வ் வங்கி 2012-இல் உத்தரவிட்டது. 8.5 விழுக்காட்டில் வாங்கிய 20 இலட்சம், 20 ஆண்டுக் கடனில் ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் கடன் மூன்று ஆண்டுகளுக்கு மேல் முன்னதாக முடியும். சுமார் 4 இலட்சம் ரூபாய் வட்டி மிச்சமாகும். ஆண்டு போனஸ் பெறுவோர் இதற்கு அதைப் பயன்படுத்தலாம்.

முன்கூட்டிக் கட்டும் காலமும் முக்கியம். முதல் ஆண்டின் முடிவில் ஒரு இலட்சம் கட்டினால் 26 மாதங்கள் குறையும். வட்டியில் சுமார் 3.5 இலட்சம் மிஞ்சும். அதே ஒரு இலட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டின் முடிவில் கட்டினால் ஒன்பது மாதங்களுக்கும் குறைவாகவே மிச்சமாகும்; வட்டியில் மிஞ்சுவது சுமார் 49,000 ரூபாய்.

வட்டி இறங்கும்போது பழைய தவணையையே தொடர்வது மற்றொரு வழி. 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ விகிதம் 6.50-இலிருந்து 5.50 விழுக்காடாகக் குறைந்தது. இத்தகைய நேரத்தில் தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கும்படி வங்கியிடம் கேட்கலாம். எனினும் வருமானம் நிலையில்லாதவர்கள், சில மாதத் தவணைக்கான பணத்தைக் கையிருப்பில் வைத்தபின்பே மிச்சத்தை அசலில் கட்டுவது பாதுகாப்பானது. அசலில் கட்டிய பணத்தை வேலை நின்ற மாதத்தில் எளிதில் திரும்ப எடுக்க முடியாது.

பணவீக்கமும் வருமான வரியும்

நீண்டகாலக் கடனுக்குச் சாதகமான கூறுகளும் உள்ளன. விலைவாசி ஆண்டுக்கு 5 விழுக்காடு உயர்ந்தால், 20 ஆண்டுகளுக்குப்பின் கட்டும் 17,356 ரூபாய் இன்றைய மதிப்பில் சுமார் 6,540 ரூபாய்தான். கட்டும் காலத்தில் வாடகை மிச்சமாகிறது, வீடும் சொந்தமாகிறது. ஆனால் விலைவாசியோடு சம்பளமும் உயர்பவருக்கே தவணைச் சுமை இவ்வாறு இலேசாகும். ஜோடிக் கூலி பல ஆண்டுகள் உயராமல் இருந்தால் அந்த ஆதாயம் கிட்டாது. வரிச் சலுகையும் அதுபோன்றதே. சொந்தக் குடியிருப்பு வீட்டின் கடன் வட்டிக்கு ஆண்டுக்கு 2 இலட்சம் வரை கிடைக்கும் கழிவு, பழைய வரி முறையைத் தேர்ந்தெடுப்பவர்களுக்கு மட்டுமே உண்டு. வருமான வரி கட்டும் அளவுக்கு வருவாய் இல்லாதவருக்கு அதனால் பயனில்லை.

கடன் வாங்குவோரின் உரிமைகள்

2024 அக்டோபர் 1 முதல், வட்டியோடு பிற கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு விகிதத்தைக் காட்டும் முக்கிய விவர அறிக்கையைக் கடன் வாங்குபவருக்கு அவர் புரிந்துகொள்ளும் மொழியில் தர வேண்டும். இரண்டு நிறுவனங்களின் கடன்களை ஒப்பிடுவதற்கு விளம்பர வட்டியைவிட இந்த விகிதமே பொருத்தமானது. கடன் முழுவதும் அடைந்த 30 நாள்களுக்குள் மூலப்பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். நிறுவனத்தின் காரணமாகத் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. இவ்விதி 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ளது. வங்கி 30 நாள்களுக்குள் குறையைத் தீர்க்காவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றிப் புகார் செய்யலாம்.

ஆண்டுக்கு ஒருமுறையேனும் கடன் கணக்கு அறிக்கையைப் பெற்று, மீதமுள்ள அசல், நடப்பு வட்டி விகிதம், மீதமுள்ள மாதங்கள் ஆகிய மூன்றையும் சரிபார்ப்பது நல்லது. தவணைத் தொகை மாறாத ஆண்டிலும் மூன்றாவது எண் மாறியிருக்கக்கூடும்.