எட்டுக் குதிக்கு ஒரு சொல்

டிவியில் வரும் கார்ட்டூன் பையன் ஒரு பள்ளத்தைத் தாண்டும்போது ஒரு வார்த்தை கூவுகிறான், கதை மேலே போய்விடுகிறது. அதே பையன் கைபேசி விளையாட்டுக்குள் குடிவந்துவிட்டால் ஒரே மாலையில் சில நூறு பள்ளங்களைத் தாண்டியாக வேண்டும். ஒவ்வொரு முறையும் அதே வார்த்தையைக் கூவினால் பத்தாவது நிமிடத்தில் குழந்தைக்குச் சலித்துவிடும். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பாட்டிக்கு மூன்றாவது நிமிடமே போதும். அதற்காக அவனை ஊமையாக்கவும் முடியாது. டிவியில் அவனை அவனாக்கியதில் பாதி அந்தக் குரல்தானே.

இந்த இக்கட்டைச் சமாளிக்கத்தான் ஒவ்வொரு விளையாட்டுக்குள்ளும் ஒரு சின்ன இயந்திரம் ஓடிக்கொண்டிருக்கிறது. ஒரு அட்டவணை, சில நூறு ஒலித்துண்டுகள், எதை எப்போது ஒலிக்கவிடலாம் என்று சொல்லும் விதிகள் என மூன்றே உறுப்புகள். தொழிலில் இருப்பவர்கள் இந்த ஒலித்துண்டுகளை ‘வாய்ஸ் லைன்’ என்பார்கள். கையிலிருப்பது கொஞ்சம் வார்த்தைகள்தான் என்பது ஆடுபவருக்குத் தெரியாமல் பார்த்துக்கொள்வதே இந்த இயந்திரத்தின் முழுநேர வேலை.

பெங்களூரில் விளையாட்டு உருவாக்கும் வேலைக்கு வயது கால் நூற்றாண்டுக்கு மேல். இந்தியாவின் மூத்த கேம் ஸ்டூடியோக்களில் ஒன்றான துருவா இண்டராக்டிவை ராஜேஷ் ராவ் இங்கே தொடங்கியது 1997-ல். 2019-ல் அதை ராக்ஸ்டார் நிறுவனம் வாங்கிக்கொண்டது. 2013-ல் பிறந்த மூன்ஃப்ராக் லேப்ஸ், 2017-ல் பாகுபலியைக் கைபேசி விளையாட்டாக்கியது. அனிமேஷனுக்கும் கேம்களுக்கும் சேர்த்துத் தனிக் கொள்கை ஒன்றைக் கர்நாடக அரசு 2012-லேயே வெளியிட்டுவிட்டது. அதற்குமுன் எந்த மாநிலமும் செய்யாதது அது. கார்ட்டூன் பக்கம் திரும்பினால் ஹைதராபாத் முந்திக்கொள்ளும். ராஜீவ் சிலகாவின் கிரீன் கோல்டு நிறுவனம் உருவாக்கிய ‘சோட்டா பீம்’ 2008-ல் போகோ சேனலில் வந்தது, பிறகு மும்பை நசாரா நிறுவனத்தின் வழியாகக் கைபேசிக்கும் இறங்கியது.

அட்டவணையிலிருந்து தொடங்குவோம். பெரும்பாலும் அது சாதாரண எக்செல் தாள். ஒரு வரிசைக்கு ஒரு வசனம். எந்தப் பாத்திரம், எந்தச் சந்தர்ப்பம், எந்த உணர்ச்சி, எத்தனை வினாடி, ஒலிக்கோப்பின் பெயர் என்ன என்று பத்தி பத்தியாக ஓடும். ‘குதி’ என்ற ஒரே சந்தர்ப்பத்துக்குப் பத்து வரிசைகள் இருக்கலாம். கதாசிரியரைப் பொறுத்தவரை இதைவிடக் கொடுமையான எழுத்துவேலை கிடையாது. ஒருமுறை கேட்டால் சிரிப்பு வரும் நகைச்சுவையை இங்கே எழுதக் கூடாது. முன்கதை, பின்கதை எதுவும் இல்லாமல் முக்கால் வினாடியில் முடிந்து, நாற்பதாவது முறையும் எரிச்சலூட்டாத வசனம் வேண்டும். அதனால்தான் தேர்ந்தவர்கள் வார்த்தைகளையே குறைத்துவிடுகிறார்கள். 2016 டிசம்பரில் மாரியோ முதன்முதலாகக் கைபேசிக்குள் ஓடிவந்த ‘சூப்பர் மாரியோ ரன்’னில் சார்லஸ் மார்ட்டினே கொடுத்த குரலில் பெரும்பகுதி கூவல்தான். கூவலுக்கு மொழிபெயர்ப்புச் செலவும் இல்லை.

ஒலிப்பதிவு அறையில் நடப்பது டப்பிங்கிலிருந்து வேறுபட்டது. டப்பிங்கில் கலைஞருக்கு முன்னால் திரையில் படம் ஓடும். உதட்டசைவுக்குத் தக்கபடி பேச வேண்டும், எதிரில் நிற்கும் பாத்திரம் என்ன சொன்னது என்பதும் காதில் விழும். விளையாட்டுக்குப் பதியும்போது பல சமயம் படமே தயாராகியிருக்காது. கையில் அந்த எக்செல் தாள்தான். “சின்னப் பள்ளம் தாண்டு. இப்போ பெரிய பள்ளம். இப்போ தாண்டி, விழுந்து, முட்டியில் அடி” என்று இயக்குபவர் சொல்லச் சொல்ல, நின்ற இடத்திலிருந்தே மூச்சை இழுத்து, அடக்கி, விட்டுக் காட்ட வேண்டும். தொண்டையைக் கிழிக்கும் கத்தல்களையும் அலறல்களையும் நாளின் கடைசிக்குத் தள்ளிவைப்பது வழக்கம். அவற்றை முதலில் எடுத்துவிட்டால் மற்ற வசனங்களுக்குக் குரல் மிஞ்சாது.

கார்ட்டூன் சிறுவர்களுக்குப் பெரிய பெண்கள் குரல் கொடுப்பது ஏன் என்பதற்கும் இங்கே விடை இருக்கிறது. சிறுவனையே கூட்டிவந்து பேசவைத்தால் இரண்டு மூன்று வருடத்தில் குரல் உடைந்துவிடும். விளையாட்டோ மாதாமாதம் புதுப்புது அத்தியாயங்கள் கேட்கும், ஒவ்வொன்றுக்கும் புது வசனம் தேவை. ‘டிராகன் பால்’ கோகுவுக்கு 1986 முதல் ஜப்பானிய மொழியில் பேசிவரும் மசாகோ நொஸாவா 1936-ல் பிறந்தவர். 2018-ல் வந்த ‘டிராகன் பால் லெஜண்ட்ஸ்’ கைபேசி விளையாட்டில் விரலால் தேய்த்தவுடன் கோகு போடும் முழக்கம், எண்பதைத் தாண்டிய அந்த அம்மாவுடையது.

பதிந்த ஒலியைக் கைபேசிக்குள் அடைப்பது அடுத்த பாடு. ஸ்டூடியோ தரத்தில் ஒரு வினாடிக்கு 48,000 மாதிரிகள். மாதிரிக்கு 16 பிட் என்று வைத்தால் ஒரு வினாடிப் பேச்சுக்கு 96,000 பைட். இரண்டு வினாடி நீளத்தில் 500 வசனங்கள் இருந்தால் 96 எம்.பி. ஆகிவிடும். இதை வொர்பிஸ் போன்ற முறையில் வினாடிக்கு 64 கிலோபிட்டாகச் சுருக்கினால் 8 எம்.பி.யில் அடங்கும். ஐந்து மொழி என்றால் மறுபடி 40. அதனால்தான் பல விளையாட்டுகள் முதலில் மொழியைக் கேட்டுவிட்டு, அதற்கான குரல்பொதியை மட்டும் தனியாக இறக்குகின்றன. சுருக்கியதை விரிக்கவும் நேரம் பிடிக்கும் என்பதால், குதிக்கும் ஒலி, அடிபடும் ஒலி போன்ற குறும்பொட்டலங்களை முன்கூட்டியே விரித்து நினைவகத்தில் வைத்திருப்பார்கள். கால் தரையை விட்டபின் கால் வினாடி கழித்து ‘ஹூப்’ வந்தால் யாருக்கும் பிடிக்காது.

அடுத்தது ஒலிபெருக்கி. கைபேசியில் இருப்பது கட்டைவிரல் நகத்தளவு சமாசாரம். காற்றை அதிகம் தள்ள அதற்குத் திராணி இல்லை, ஆகவே சில நூறு ஹெர்ட்ஸுக்குக் கீழுள்ள தாழ்ந்த ஒலிகள் பெரும்பாலும் வெளியே வருவதில்லை. சிறுவனின் கீச்சுக்குரலுக்கு இதனால் பெரிய நஷ்டமில்லை. ஆனால் வில்லன்? 100 ஹெர்ட்ஸில் உறுமும் அவனுடைய அடிக்குரல் அந்த ஒலிபெருக்கியைத் தாண்டுவதே இல்லை. இருந்தும் நமக்கு அது கனத்த குரலாகத்தான் கேட்கிறது. 100 ஹெர்ட்ஸில் பேசும் தொண்டை 200, 300, 400, 500 என்று அதன் மடங்குகளையும் சேர்த்தே எழுப்பும். கீழேயுள்ளவை காணாமல் போனாலும், மேலே எஞ்சியவை நூறு நூறாக இடைவெளி விட்டு வருவதை மூளை கவனிக்கிறது, ‘இது 100 ஹெர்ட்ஸ் குரல்’ என்று தானே இட்டு நிரப்பிக்கொள்கிறது. பழைய தரைவழித் தொலைபேசி 300 முதல் 3,400 ஹெர்ட்ஸ் வரையிலான ஒலியை மட்டுமே கடத்தியது. அதில்தான் நாம் தாத்தாவின் குரலைச் சந்தேகமின்றி அடையாளம் கண்டோம். கேம் ஒலிப்பொறியாளர்கள் இதைத் தெரிந்துகொண்டே வேலை செய்கிறார்கள். வில்லனின் அடித்தொண்டையை இன்னும் பெருக்கிப் பயனில்லை என்பதால், மேல் மடங்குகளைக் கொஞ்சம் கரகரப்பாக்கிவிடுவார்கள்.

இனி விதிகள். இயந்திரத்தின் மூளை என்று சொல்லத்தக்க பகுதி இதுதான், என் ரசனைக்கு மிகச் சுவையான பகுதியும் இதுவே. ‘குதி’ என்ற சந்தர்ப்பத்துக்குப் பத்து வசனங்கள் இருக்கின்றன. பையன் குதிக்கும்போதெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு ஒன்றை எடுத்தால், முன்பு சொன்னதே மறுபடி வர பத்தில் ஒரு வாய்ப்பு உண்டு. காகிதத்தில் சிறிதாகத் தெரியும் இந்த வாய்ப்பு காதில் பெரிதாகிவிடும். ஒரே சொல் அடுத்தடுத்து இருமுறை வந்தால் உடனே ‘பதிவு’ என்று உறைத்துவிடுகிறது. ஆகவே நிரல் சீட்டுக்கட்டு ஆடுகிறது. பத்து வசனங்களையும் கலைத்து, ஒவ்வொன்றாகப் போட்டு, கட்டு தீர்ந்த பிறகே மறுபடி கலைக்கும். பழைய கட்டின் கடைசிச் சீட்டும் புதுக் கட்டின் முதல் சீட்டும் ஒன்றாக அமைந்துவிடாமலும் பார்த்துக்கொள்ளும்.

அதுவும் போதாது. பேசாமல் இருக்கவும் அவனுக்குச் சொல்லித்தர வேண்டும். எட்டுக் குதிக்கு ஒருமுறை பேசு என்று விதி வைத்தால், 400 குதிகளில் ஐம்பது முறைதான் வாய் திறப்பான், பத்து வசனங்களும் ஆளுக்கு ஐந்து முறையோடு நிற்கும். மற்ற குதிகளுக்கு மூச்சொலி மட்டும். அதிலும் சுருதியை ஒவ்வொரு முறையும் துளி ஏற்றியோ இறக்கியோ விடுவார்கள். ஒருமுறை பேசினால் அடுத்த சில வினாடிகளுக்கு வாய்ப்பூட்டு. ஆனால் ஆபத்துக்கு விலக்கு உண்டு. காசு எடுத்த குஷியில் பேசிக்கொண்டிருந்தாலும் எதிரில் பாறை உருண்டு வந்தால் பாதி வார்த்தையில் நிறுத்திவிட்டு “பாத்து!” என்று கத்த வேண்டும். பேசும் கணத்தில் பின்னணி இசை தானே தணியும். காத்திருக்கும் வசனங்களுக்குக் காலாவதியும் உண்டு. பாறை தலையில் விழுந்த பிறகு ‘பாத்து’ என்று சொல்பவனை யார் மதிப்பார்கள்? அரை வினாடி தாமதமானால் அந்த வசனத்தைக் குப்பையில் போட்டுவிடுவது மேல். ஆடுபவர் கைபேசியைக் கீழே வைத்துவிட்டுக் காபி குடிக்கப் போனால் கொஞ்ச நேரத்தில் கொட்டாவி விடுவான், “எங்க போயிட்ட?” என்பான். இரண்டு மூன்று தடவைக்கு மேல் கேட்டால் அது நச்சரிப்பு. அப்புறம் அவனும் தூங்கிவிட வேண்டும்.

வசனமே எழுதாமல் இந்தச் சிக்கலையெல்லாம் தாண்டிய பாத்திரமும் உண்டு. 2010-ல் ஸ்லோவேனியாவின் அவுட்ஃபிட்7 நிறுவனம் விட்ட ‘டாக்கிங் டாம்’ பூனை நம் பேச்சையே சுருதி ஏற்றித் திருப்பிச் சொன்னது. அட்டவணை வேண்டாம், மொழிபெயர்ப்பு வேண்டாம். தமிழ் வீடுகளில் முதல் நாளிலிருந்தே தமிழ் பேசியது.

மற்றவர்களுக்கு மொழி லேசில் விடுவதில்லை. துண்டுகளை ஒட்டி வாக்கியம் செய்யலாமே என்று எல்லாப் பொறியாளர்களுக்கும் ஒருநாள் தோன்றும். பெங்களூர் நம்ம மெட்ரோவில் அது அழகாக நடக்கிறது. ‘முந்தின நில்தாண’ (அடுத்த நிலையம்) என்ற கன்னட அறிவிப்பை அடுத்து நிலையத்தின் பெயர் வந்து உட்காரும். அந்த இடத்தில் எந்த வேற்றுமை உருபும் தேவைப்படுவதில்லை என்பதால் எந்தப் பெயரும் பொருந்துகிறது. ஆனால் விளையாட்டில் ஆடுபவரின் பெயரைச் சொல்லிப் பரிசு கொடுக்க நினைத்தால் தமிழ் இடறிவிடும். குமாருக்கு, மீனாவுக்கு, முருகனுக்கு, ரமேஷுக்கு: பெயரின் முடிவைப் பொறுத்து ஒட்டு மாறுகிறது, தனியே பதிந்த ‘க்கு’ ஒன்றை எல்லாவற்றின் பின்னாலும் ஒட்டவைக்க முடியாது. கன்னடத்திலும் இதே கதை. ஆடுவது பையனா பெண்ணா என்றும் கைபேசிக்குத் தெரியாது. டிவியில் பீம் நண்பனைப் பார்த்து ‘வாடா’ என்று அழைக்கலாம். விளையாட்டில் வெறும் ‘வா’தான். அதனால் இந்திய மொழி வசனங்களில் பெயர், பால் இரண்டையும் தவிர்த்துவிட்டு ‘சூப்பர்’, ‘கலக்கிட்ட’, ‘இன்னும் ஒண்ணு’ என்று எழுதும் பழக்கம் வசதியானது. மொழிபெயர்ப்பாளரிடம் வெறும் ஆங்கிலத் தாளைக் கொடுத்துவிட்டு, எந்தக் காட்சி என்று சொல்லாமல் விட்டால்தான் டிவி சீரியல் மாமியார்போலப் பேசும் எட்டு வயதுப் பையன்கள் பிறக்கிறார்கள்.

கர்நாடகத்துக்கு இன்னொரு தனிக்கதை உண்டு. பிறமொழிப் படங்களைக் கன்னடத்தில் டப் செய்வதற்குப் பல பத்தாண்டுகள் எழுதப்படாத தடை இருந்தது. இந்தியப் போட்டி ஆணையம் 2015-ல் அதற்கெதிராகத் தீர்ப்பளித்தது. 2017-ல் நம் ‘என்னை அறிந்தால்’ ‘சத்யதேவ் ஐ.பி.எஸ்.’ ஆகக் கன்னடம் பேசி வந்தது. சென்னையில் தலைமுறை தலைமுறையாக வளர்ந்த டப்பிங் தொழில் பெங்களூரில் தாமதமாகவே வேர்விட்டதற்கு இதுவும் காரணம் என்று நினைக்கிறேன்.

குரலுக்குரியவர் இல்லாமல் போனால் அடுத்த அத்தியாயத்துக்கு யார் பேசுவது? மெட்ரோவின் கன்னடக் குரலான அபர்ணா வஸ்தாரே 2024 ஜூலை 11 அன்று காலமானார். அவர் பதிந்துவைத்த அறிவிப்புகள் அதற்குப் பிறகும் ரயில்களில் ஒலித்தன. பதிந்ததைத் திரும்ப ஒலிக்கவிடுவது எளிது, புதிதாகச் சொல்லவைப்பது வேறு. அந்த இடத்தில்தான் செயற்கைக் குரல் நுழைகிறது. இந்திய அறிவியல் கழகத்தில் தமிழையும் கன்னடத்தையும் எழுத்திலிருந்து பேச்சாக்கும் ஆராய்ச்சி நெடுநாளாக நடந்துவருகிறது. 2023-ல் பெங்களூரில் தொடங்கிய சர்வம் நிறுவனமும் இந்திய மொழிகளில் பேசும் மாதிரிகளை வெளியிட்டிருக்கிறது. செய்தி வாசிக்க இவை போதும். பள்ளத்தில் கால் இடறி, சமாளித்து, சிரிப்பை அடக்கும் அரை வினாடி மூச்சுக்கு இன்னும் மனிதத் தொண்டைதான் நம்பகம்.

உரிமை விஷயமும் சூடாகத்தான் இருக்கிறது. அனுமதியில்லாமல் பாடகர் அரிஜித் சிங்கின் குரலை நகலெடுப்பதற்கு பம்பாய் உயர்நீதிமன்றம் 2024 ஜூலையில் இடைக்காலத் தடை விதித்தது. அதே ஜூலையில் அமெரிக்காவில் வீடியோ கேம் குரல் கலைஞர்கள் செயற்கை நுண்ணறிவை முன்வைத்து வேலைநிறுத்தம் தொடங்கினார்கள். ஒப்பந்தம் உறுதியாக ஏறக்குறைய ஒரு வருடம் ஆனது. அந்த வேலைநிறுத்தம் நடந்துகொண்டிருந்தபோதே, 2025 மே மாதம், ‘ஃபோர்ட்நைட்’ விளையாட்டில் ‘ஸ்டார் வார்ஸ்’ வில்லன் டார்த் வேடர் ஆடுபவர்களோடு நேரடியாக உரையாடத் தொடங்கினார். குரல், படங்களில் அவருக்குப் பேசி, முந்தைய ஆண்டு மறைந்த ஜேம்ஸ் ஏர்ல் ஜோன்ஸுடைய குரலின் செயற்கை நகல். குடும்பத்தார் சம்மதம் கொடுத்திருந்தார்கள். வசனங்களுக்கு எக்செல் தாள் கிடையாது, கேட்ட கேள்விக்கு அந்தந்தக் கணத்தில் பதில் உருவாகும். ஆடுபவர்கள் அவரைச் சாமர்த்தியமாகப் பேச்சில் இழுத்துக் கெட்டவார்த்தை சொல்லவைத்துப் பதிவு செய்து பரப்பினார்கள். விளையாட்டை நடத்தும் எபிக் நிறுவனம் அவசர அவசரமாக ஒரு திருத்தத்தை அனுப்பி அவர் வாயைக் கழுவியது.